காடு நோக்கிய உடன்பிறப்புகள்: ஆங்கிலச் சிறுவர் புதினங்களில் சீர்குலைந்த உலகம்

தோற்றுவாய்

பெற்றோரின் துணையை இழந்த உடன்பிறப்புகள் சிலர் காட்டிற்குள் நுழைகின்றனர். உணவு, தீ, உறைவிடம் ஆகிய மூன்றையும் அவர்கள் தாமே தேடிக்கொள்ள வேண்டியவராகின்றனர். மூத்த பிள்ளை இளைய பிள்ளைக்குத் தாயும் தந்தையுமாகிறது. ஐரோப்பிய நாட்டுப்புறக் கதை முதல் இன்றைய ஆங்கிலச் சிறுவர் புதினம் வரை இடையறாது தொடர்ந்து வரும் கதைக்கரு இது. கரு மாறவில்லை. ஆனால் அக்கருவில் காட்டிற்குரிய பொருள் பெரிதும் மாறியிருக்கிறது. பழைய கதையில் வீடு காப்பிடம். காடு அச்சத்திற்குரிய இடம். புதிய கதையில் மனிதர் கட்டிய நகரமே அச்சத்திற்குரியது. காடோ இழந்தபின் தேடப்படுவது. இந்த மாற்றம் எவ்வாறு நேர்ந்தது, அத்தனை மாற்றத்திற்கிடையிலும் உடன்பிறப்பு உறவு மட்டும் ஏன் நிலைத்து நின்றது என்பவை இலக்கிய வரலாறு விடை காண வேண்டிய வினாக்களாகும்.

நாகரிகம் குலைந்து, ஆட்சி கொடுமையாகி, நிலமும் நீரும் கெட்ட பின்னர் நிகழ்வதாகப் புனையப்படும் கதையை ஆங்கிலத் திறனாய்வாளர் டிஸ்டோப்பியா என்பர். தமிழில் அதனைச் சீர்குலைந்த உலகக் கதை எனலாம். நல்ல நிலம் தன் இயல்பு கெட்ட நிலையைப் பாலை எனக் கண்ட மரபில் பயின்றோர்க்கு இக்கருத்து அயலானதன்று. எனினும் ஈண்டு ஆராயப்படும் நூல்களுள் பெரும்பாலானவை பிரிட்டனில் பிறந்தவை. அந்நாடு கண்ட உள்நாட்டுப் போர், உலகப் போர், அணுகுண்டு அச்சம், சூழல் கேடு ஆகியவற்றின் பின்னணியில் அவற்றை நோக்குவதே முறையாகும்.

பஞ்சத்தில் பிறந்த கதை

ஜெர்மானிய நாட்டுக் கதைகளைத் தொகுத்த யாக்கோபு கிரிம், வில்லெல்ம் கிரிம் ஆகிய இருவரும் உடன்பிறந்தோர். அவர்தம் தொகுப்பின் முதற்பகுதி 1812இல் வெளிவந்தது. ஹான்சல், கிரெட்டல் என்னும் அண்ணன் தங்கை கதை அதில் இடம்பெற்றது. நாட்டில் பஞ்சம் வருகிறது. விறகு வெட்டியின் வீட்டில் உணவில்லை. பிள்ளைகளைக் காட்டில் விட்டுவருவதெனப் பெற்றோர் முடிவு செய்கின்றனர். முதற்பதிப்பில் இம்முடிவுக்குத் தூண்டுபவள் பெற்ற தாய். 1840ஆம் ஆண்டுப் பதிப்பில் அவள் மாற்றாந்தாய் ஆக்கப்பட்டாள். பெற்றவளே பிள்ளையைக் கைவிடுவாள் என்னும் செய்தியை அக்காலக் குடும்ப ஒழுக்கத்தால் செரித்துக்கொள்ள இயலவில்லை போலும்.

இக்கதையில் கேட்டின் தொடக்கம் காட்டில் இல்லை என்பது நோக்கத்தக்கது. கேடு வீட்டில் தொடங்குகிறது. பசி அதன் பெயர். சூனியக்காரி பின்னரே வருகிறாள். பெரியோர் ஏற்படுத்திய நெருக்கடியைச் சிறியோர் சுமந்து கடக்க வேண்டும் என்பதே கதையின் அடிப்படை. ஆயினும் பிள்ளைகள் இறுதியில் தந்தையிடமே மீள்கின்றனர். திரும்பிச் செல்ல ஒரு வீடு இன்னும் இருந்தது.

மாரியட்டின் புதுக்காடு

ஆங்கிலச் சிறுவர் புதினத்தில் இக்கருவுக்கு முழு உருவம் கொடுத்தவர் கப்பற்படைத் தலைவராகப் பணியாற்றிய ஃபிரெடரிக் மாரியட். 1847இல் வெளிவந்த அவரது 'புதுக்காட்டுப் பிள்ளைகள்' இன்றளவும் படிக்கப்படுகிறது. தென் இங்கிலாந்திலுள்ள புதுக்காடு, பதினொன்றாம் நூற்றாண்டில் முதலாம் வில்லியம் மன்னன் தன் வேட்டைக்கென ஒதுக்கிய வனம். கதை நிகழ்வது 1647இல். அரசருக்கும் நாடாளுமன்றத்திற்கும் இடையே மூண்ட போரில் பெவர்லி என்னும் படைத்தலைவர் மாண்டுபோகிறார். எதிர்ப்படையினர் அவரது மாளிகைக்குத் தீ வைக்கின்றனர். எட்வர்ட், ஹம்ஃப்ரி, ஆலிஸ், ஈடித் என்னும் நான்கு பிள்ளைகளை ஜேக்கப் ஆர்மிடேஜ் என்னும் முதிய வனக்காவலர் தம் குடிலில் பேரப்பிள்ளைகளெனச் சொல்லி வளர்க்கிறார்.

இந்நூலின் சிறப்பு தொழிலறிவில் உள்ளது. மானை எந்தத் திசையிலிருந்து அணுக வேண்டும், காட்டு மாட்டைக் குழி தோண்டி எவ்வாறு பிடிப்பது, பயிர் நிலத்திற்கு வேலி எப்படி இடுவது என்பனவற்றை மாரியட் பொறுமையாக விளக்குகிறார். எட்வர்ட் வேட்டையை ஏற்கிறான். ஹம்ஃப்ரி உழவையும் கால்நடையையும் ஏற்கிறான். சிறுமியர் இருவரும் அடுப்பையும் கோழிகளையும் பேணுகின்றனர். அரசு கவிழ்ந்த நாட்டில், நான்கு பிள்ளைகளும் ஒரு முதியவரும் சேர்ந்து சிறியதோர் அரசை நடத்துகின்றனர் எனலாம்.

ஆனால் இந்நூலின் எல்லையும் இங்கேயே தெரிகிறது. உயர்குடிப் பிள்ளைகளுக்குக் காடு ஒரு மாறுவேடம் மட்டுமே. 1660இல் முடியாட்சி மீண்டதும் அவர்கள் தம் நிலைக்குத் திரும்புகின்றனர். ஜேக்கப்புக்குக் காடு வாழ்க்கை; பிள்ளைகளுக்கு அது பள்ளி. கற்றபின் வெளியேறிவிடலாம். வேலைப் பங்கீட்டில் சிறுமியர்க்குக் காடு மறுக்கப்பட்டிருப்பதும் எண்ணத்தக்கது. பின்வந்த நூற்றாண்டு இவ்விரு எல்லைகளையும் ஒவ்வொன்றாக உடைத்தது.

இலண்டனுக்குப் பின்

ரிச்சர்ட் ஜெஃப்ரீஸ் எழுதிய 'இலண்டனுக்குப் பின்' 1885இல் வெளிவந்தது. இது சிறுவர்க்கென எழுதப்பட்டதன்று. எனினும் இவ்வரலாற்றில் இதனை விடுத்துச் செல்லுதல் இயலாது. இன்னதென்று தெரியாத பேரழிவுக்குப் பின் இங்கிலாந்து மீண்டும் காடாகிறது. வயல்களை முதலில் புல் மூடுகிறது, பின் முட்புதர், பின் மரங்கள். நாட்டின் நடுவே பெரும் ஏரி தேங்குகிறது. இலண்டன் நஞ்சு கக்கும் சதுப்பாகிக் கிடக்கிறது. உழவன் மகனாகப் பிறந்து, இயற்கையை நாள்தோறும் உற்று நோக்கிய ஜெஃப்ரீஸ், ஒரு நாட்டை மரஞ்செடிகள் மீட்டெடுக்கும் முறையைப் படிப்படியாக விவரித்தார்.

நகரம் நஞ்சு, காடு வெற்றியாளன் என்னும் தலைகீழ் மாற்றம் ஆங்கிலப் புனைவில் இத்தனைத் தெளிவாக நிகழ்ந்தது இந்நூலிலேயே. ஆயின் ஜெஃப்ரீஸின் காட்டில் இரக்கமில்லை. அங்கு வாழும் மனிதர் அடிமை முறைக்கும் சிற்றரசர் பூசலுக்கும் திரும்பிவிடுகின்றனர். இயற்கை மீண்டால் மனிதன் மேன்மையடைவான் என்னும் எளிய நம்பிக்கைக்கு இந்நூல் இடம் கொடுக்கவில்லை.

தொடர்வண்டி ஏறிய பிள்ளைகள்

கதையில் மட்டும் நிகழ்ந்துவந்தது 1939 செப்டம்பரில் வாழ்வில் நிகழ்ந்தது. குண்டுவீச்சுக்கு அஞ்சிய பிரிட்டிஷ் அரசு, சில நாள்களுக்குள் ஏறத்தாழ 15 இலட்சம் பேரை நகரங்களிலிருந்து நாட்டுப்புறத்திற்கு அனுப்பியது. அவர்களுள் பாதிக்கு மேற்பட்டோர் பள்ளிப் பிள்ளைகள். சட்டையில் பெயர்ச்சீட்டு, தோளில் நச்சுப்புகை முகமூடிப் பெட்டி, கையில் தம்பியின் அல்லது தங்கையின் கை என அவர்கள் தொடர்வண்டி ஏறினர். சேர்ந்த ஊரில் உடன்பிறந்தோர் வெவ்வேறு வீடுகளுக்குப் பிரிக்கப்பட்டதும் உண்டு. பசுவையும் வயலையும் முதன்முதலாகக் கண்டவர் பலர்.

இவ்வனுபவம் ஆங்கிலச் சிறுவர் இலக்கியத்தில் நீண்டகாலம் வேலை செய்தது. சி. எஸ். லூயிஸ் 1950இல் வெளியிட்ட முதல் நார்னியாக் கதையில், வான்தாக்குதல் காரணமாக இலண்டனிலிருந்து அனுப்பப்பட்ட நான்கு உடன்பிறப்புகளே மறைவுலகின் காட்டிற்குள் நுழைகின்றனர். சிறுமியாக இவ்வாறு அனுப்பப்பட்ட நினா பாடன், 1973இல் எழுதிய 'கேரியின் போர்' என்னும் நூலில் அக்காவையும் தம்பியையும் வேல்ஸ் நாட்டுச் சிற்றூருக்கு அனுப்பினார்.

இயன் செரலியர் 1956இல் வெளியிட்ட 'வெள்ளி வாள்' இவற்றுள் தனித்து நிற்பது. செரலியர் குவேக்கர் நெறியைப் பின்பற்றிய ஆசிரியர். மனச்சான்றின் பெயரால் போரில் ஆயுதமேந்த மறுத்தவர். இடிந்துகிடக்கும் வார்சா நகரில் ரூத், எடெக், பிரோனியா என்னும் மூன்று உடன்பிறப்புகள் பெற்றோரைப் பிரிந்து நிலவறையில் வாழ்கின்றனர். கோடையில் நகருக்கு வெளியேயுள்ள காட்டிற்குச் சென்று மரத்தடியில் தங்குகின்றனர். பின்னர்ப் பெற்றோரைத் தேடிச் சுவிட்சர்லாந்து வரை நடக்கின்றனர். இடையில் சேர்ந்த யான் என்னும் ஆதரவற்ற சிறுவன் நான்காவது உடன்பிறப்பாகிறான். மாரியட்டின் காட்டில் குருதி உறவும் குடிப்பிறப்பும் முதன்மை பெற்றன. செரலியரின் இடிபாட்டிலோ பசியைப் பகிர்ந்துகொள்பவனே தம்பி. தலைமையும் அண்ணனிடமிருந்து அக்காளுக்கு வந்துவிடுகிறது. சீர்குலைந்த உலகம் இங்குக் கற்பனையன்று. பத்தாண்டுகளுக்கு முன் ஐரோப்பா கண்டதே.

பறவை பாடாத ஊர்

1952 டிசம்பரில் இலண்டனை மூடிய நச்சுப்பனிப்புகை ஆயிரக்கணக்கானோர் உயிரைக் கொண்டது. 1957இல் விண்ட்ஸ்கேல் அணுவுலையில் தீ மூண்டது. 1962இல் அமெரிக்க உயிரியலறிஞர் ரேச்சல் கார்சன் 'மௌன வசந்தம்' நூலை வெளியிட்டார். பூச்சிக்கொல்லியின் கேட்டை அறிவியல் சான்றுகளால் நிறுவும் அந்நூல், பறவைகள் பாடாது போன ஓர் ஊரைப் பற்றிய கற்பனைக் கதையோடு தொடங்குகிறது. 1967 மார்ச்சில் டாரி கேன்யன் என்னும் கப்பல் கார்ன்வால் கடற்கரையருகே உடைந்து எண்ணெய் கொட்டியது. பகைவரின் குண்டைவிடத் தம் தொழிற்கூடமே அஞ்சத்தக்கது என்னும் உணர்வு இந்தப் பதினைந்தாண்டுகளில் வேரூன்றியது.

இவ்வுணர்விலிருந்தே நவீனச் சிறுவர் புதினத்தின் சீர்குலைந்த உலகம் பிறந்தது. 1967, 1968ஆம் ஆண்டுகளில் ஜான் கிறிஸ்டஃபர் வெளியிட்ட முக்காலி எந்திரங்கள் பற்றிய மூன்று நூல்களில், பதினான்கு வயதான பிள்ளைகளின் தலையில் ஒரு தகடு பொருத்தப்பட்டு அவர்தம் விருப்புறுதி பறிக்கப்படுகிறது. சிற்றூர் வாழ்க்கை அமைதியாகவே இருக்கிறது. அந்த அமைதிக்குக் கொடுத்த விலையே கொடுமையானது.

இதே காலத்தில் எழுதிய பீட்டர் டிக்கின்சன் இவ்வகையின் மிகச் சிக்கலான வினாவை எழுப்பினார். 'வானிலையை ஆள்பவன்' 1968இலும், 'ஹார்ட்ஸீஸ்' 1969இலும், 'சாத்தானின் பிள்ளைகள்' 1970இலும் வந்தன. இம்மூன்று நூல்களுக்கும் பொதுவான கதைக்களம் ஒன்று. திடீரென ஒரு நாள் இங்கிலாந்து மக்கள் அனைவருக்கும் இயந்திரங்கள்மீது பொறுக்க முடியாத வெறுப்பு எழுகிறது. வண்டிகளையும் விளக்குகளையும் உடைக்கின்றனர். நாடு ஏரும் குதிரையுமான காலத்திற்குத் திரும்பிவிடுகிறது. காற்று தூய்மையாகிறது, வானிலையும் சொன்னபடி கேட்கிறது. ஆனால் இயந்திரத்தைத் தொடுபவன் சூனியக்காரன் எனக் கொல்லப்படுகிறான்.

முதல் நூலின் தொடக்கத்தில் ஜெஃப்ரி என்னும் பதினாறு வயதுத் தமையனும் சாலி என்னும் பதினொரு வயதுத் தங்கையும் கடற்பாறையொன்றில், ஏறிவரும் நீரில் மூழ்கி இறக்கும்படி விடப்பட்டிருக்கின்றனர். ஜெஃப்ரி செய்த குற்றம், ஒரு மோட்டார்ப் படகைப் பழுதின்றிப் பேணியது. தப்பிப் பிரான்சுக்குச் செல்லும் அவர்கள், கேட்டின் காரணத்தைக் கண்டறிய மீண்டும் இங்கிலாந்துக்கு அனுப்பப்படுகின்றனர். பியூலி என்னுமிடத்திலுள்ள மோட்டார் அருங்காட்சியகத்திலிருந்து 1909ஆம் ஆண்டின் ரோல்ஸ் ராய்ஸ் வண்டியை எடுத்துக்கொண்டு அவர்கள் வேல்ஸ் நோக்கி விரைகின்றனர். அந்தப் பியூலி அமைந்திருப்பது புதுக்காட்டில்தான். மாரியட்டின் பிள்ளைகள் மான் வேட்டையாடிப் பிழைத்த அதே வனத்தில், நூற்றிருபது ஆண்டுகளுக்குப் பின் வந்த பிள்ளைகள் பழைய இயந்திரம் ஒன்றை உயிர்ப்பித்துப் பிழைக்கின்றனர்.

டிக்கின்சனின் நடுவுநிலை போற்றத்தக்கது. இயற்கைக்குத் திரும்புதல் என்பது வன்முறையாலும் மூடத்தனத்தாலும் நிகழுமாயின் அது விடுதலையாகாது என்கிறார். அதே வேளையில், முடிவில் இயந்திரங்கள் மீளும்போது பெட்ரோல் நாற்றமும் உடன் மீளும் என்பதை அவர் மறைக்கவில்லை. கதைக்கால வரிசையில் முதலாவதான 'சாத்தானின் பிள்ளைகள்' நூலில், பெற்றோரைத் தவறவிட்ட நிக்கோலா என்னும் பன்னிரண்டு வயதுச் சிறுமி, இலண்டனை விட்டு நடக்கும் சீக்கியக் குடும்பங்களோடு சேர்கிறாள். இயந்திர வெறுப்பு அவர்களைப் பற்றவில்லை. எதைத் தொட்டால் பிறர் வெகுண்டெழுவர் என்பதை அவர்களால் அறிய முடியாது. சுரங்கத் தொழிலாளர் நச்சுக் காற்றை அறிய எடுத்துச் சென்ற கானரிப் பறவைபோல அவள் அவர்களுக்கு உதவுகிறாள். உலைக்களம் அமைத்து இரும்புப் பொருள் செய்து ஊராரோடு மாற்றிக்கொள்ளும் அவர்களையே அவ்வூரார் சாத்தானின் பிள்ளைகள் என்கின்றனர். குடியேறிய மக்கள்மீது பிரிட்டனில் வெறுப்புப் பேச்சு ஓங்கிய ஆண்டுகள் அவை என்பதை நினைத்தால் இக்கதையமைப்பின் துணிவு விளங்கும். பி.பி.சி. 1975இல் இம்மூன்று நூல்களையும் தழுவிப் பத்துப் பகுதிகள் கொண்ட தொலைக்காட்சித் தொடராக ஒளிபரப்பியது.

காடும் காக்காதபோது

1980இல் பிரிட்டிஷ் அரசு 'காத்துக்கொண்டு பிழைத்திரு' என்னும் பொருள்படும் தலைப்பில் அணுகுண்டுத் தாக்குதலின்போது வீட்டார் செய்ய வேண்டுவனவற்றைக் கூறும் சிறுநூல் ஒன்றை வெளியிட்டது. அதன்பின் நான்காண்டு கழித்து வெளிவந்த ராபர்ட் ஸ்விண்டெல்ஸின் புதினத்தில், அணுப்போருக்குப் பின் உயிர் தப்பிய டானி என்னும் சிறுவன் தன் தம்பி பென்னைக் காக்கப் போராடுகிறான். தப்பிய சிறுகூட்டம் நிலத்தைப் பண்படுத்தி வாழ முயல்கிறது. ஆனால் மண்ணிலேயே கேடு படிந்திருக்கிறது. கதிர்வீச்சு நோயால் பென் இறக்கிறான். டானி தம்பியைப் புதைக்கிறான்.

மாரியட் முதல் செரலியர் வரை, மூத்தவர் முயன்றால் இளையவர் பிழைப்பர் என்னும் உடன்பாடு எழுத்தாளருக்கும் இளம்வாசகருக்கும் இடையே இருந்துவந்தது. ஸ்விண்டெல்ஸ் அதனை முறித்தார். சிறுவர்க்கு இத்தகைய முடிவைச் சொல்லலாமா என்னும் வினா எழுவது இயல்பு. ஆனால் அந்த முடிவு பிள்ளைகளை அச்சுறுத்த எழுதப்பட்டதன்று. திறமையாலும் அன்பாலும் ஈடுசெய்ய இயலாத கேடும் உண்டு, அதனைப் பெரியோரே தடுத்திருக்க வேண்டும் என்று காட்ட எழுதப்பட்டது. அந்நூலின் குற்றச்சாட்டு பெரியோரை நோக்கியது.

அமெரிக்காவில் லோயிஸ் லவ்ரி 1993இல் வெளியிட்ட 'தி கிவர்' வேறு வழியில் சென்றது. வண்ணமும் குன்றும் பனியும் அகற்றப்பட்டு, எல்லாம் ஒரே சீராக்கப்பட்ட குடியிருப்பில் ஜோனாஸ் வாழ்கிறான். தன் வீட்டில் சிலகாலம் வளர்ந்துவரும் கேப்ரியல் என்னும் கைக்குழந்தை கொல்லப்பட இருப்பதை அறிந்து, அதனைத் தூக்கிக்கொண்டு வெளியேறுகிறான். வெளியே பறவை, ஓடை, குளிர், பசி ஆகிய அனைத்தும் ஒருங்கே அவனை எதிர்கொள்கின்றன. ஜீன் டுப்ராவின் 'எம்பர் நகரம்' 2003இல் வந்தது. விளக்குகள் அணைந்துவரும் நிலத்தடி நகரிலிருந்து லீனா தன் சிறு தங்கை பாப்பியையும் அழைத்துக்கொண்டு தோழனோடு வெளியேறி, வாழ்வில் முதன்முறையாகக் கதிரவன் எழுவதைக் காண்கிறாள். இவ்விரு நூல்களிலும் இயற்கை என்பது பெரியோர் பிள்ளைகளிடமிருந்து மறைத்துவைத்த உண்மையாகிறது.

சொல்லும் காடும்

2007இல் வெளிவந்த ஆக்ஸ்ஃபோர்டு இளையோர் அகராதியிலிருந்து ஓக் மரத்தின் கொட்டை, மீன்கொத்தி, நீலமணிப்பூ முதலியவற்றைக் குறிக்கும் ஆங்கிலச் சொற்கள் பல நீக்கப்பட்டன. கணினி வழக்குச் சொற்கள் சேர்க்கப்பட்டன. பிள்ளைகள் எவற்றைப் பேசுகின்றனரோ அவற்றையே அகராதி காட்டும் என்பது பதிப்பாளர் தரப்பு. 2015இல் மார்கரெட் அட்வுட் உள்ளிட்ட எழுத்தாளர்கள் இதனைக் கண்டித்து மடல் எழுதினர். 2017இல் ராபர்ட் மெக்ஃபார்லேனும் ஓவியர் ஜாக்கி மாரிஸும் இணைந்து, மறைந்துவரும் இயற்கைப் பெயர்களை மந்திரம்போல் ஓதி அழைக்கும் 'தொலைந்த சொற்கள்' என்னும் நூலை வெளியிட்டனர். பெயரறியாத பொருளை இழந்தாலும் இழப்புத் தெரிவதில்லை என்பதைப் பாவலர்க்கு விளக்கிச் சொல்ல வேண்டுவதில்லை.

இச்சூழலில் 2020இன் தொடக்கத்தில் வந்தது நிக்கோலா பென்ஃபோல்டின் 'உலகம் காடாகும் இடம்'. மனிதரால் அழிந்துவரும் காட்டைக் காக்க எண்ணிய சிலர் உண்ணிவழிப் பரவும் கொடுநோய் ஒன்றை உருவாக்கிவிடுகின்றனர். மக்கள் மதில் சூழ்ந்த நகரத்திற்குள் ஒடுங்குகின்றனர்; நகருக்குள் இயற்கைக்கு இடமில்லை. அந்நோயால் தாக்கப்படாத உடலுடைய ஜூனிப்பர் என்னும் சிறுமியும் பேர் என்னும் அவள் தம்பியும் பெற்றோரைத் தேடிக் காட்டு வழியே வடக்கு நோக்கி எனர்டேல் பள்ளத்தாக்குக்குச் செல்கின்றனர். ஜூனிப்பர் ஒரு செடியின் பெயர். பேர் என்பது கரடி. நகரம் விலக்கியவை பிள்ளைகளின் பெயர்களில் ஒளிந்து வாழ்கின்றன. எனர்டேலும் கற்பனையூர் அன்று. ஏரி மாவட்டத்திலுள்ள அப்பள்ளத்தாக்கில், நிலத்தை இயற்கைப் போக்கில் மீள விடும் கூட்டுத்திட்டம் 2003 முதல் நடந்துவருகிறது. இந்நூல் வெளிவந்த சில வாரங்களில் கொரோனாத் தொற்றால் உலகமே வீட்டுக்குள் அடைபட்டது. வாசகர் அந்த மதிலைத் தம் வாயிலிலேயே கண்டனர்.

காட்டைக் காக்க எழுந்தவரே மனிதரைக் கொன்றனர் என்னும் அமைப்பில், டிக்கின்சன் எழுப்பிய வினா மீண்டும் எழுகிறது. இயற்கைமீது கொண்ட அன்பு மனிதர்மீது கொண்ட வெறுப்பாகிவிடுமாயின் அதன் முடிவு என்ன? ஐம்பதாண்டு இடைவெளியிலும் அவ்வினா பழையதாகவில்லை.

முடிவுரை

நூற்றெழுபது ஆண்டுகளுக்கு மேற்பட்ட இவ்வரலாற்றில் காடு பல உருவங்களை எடுத்திருக்கிறது. மாரியட்டிற்கு அது பள்ளி, ஜெஃப்ரீஸுக்கு வெற்றியாளன், செரலியருக்குக் கோடைக்கால அடைக்கலம், ஸ்விண்டெல்ஸுக்கு நஞ்சேறிய மண், பென்ஃபோல்டுக்கு மதிலுக்கு அப்பாலிருந்து அழைக்கும் குரல். உடன்பிறப்பு உறவு மட்டும் மாறவில்லை. அதற்குக் காரணம் உண்டு. அரசும் பள்ளியும் சந்தையும் வீழ்ந்த பின்னரும் எஞ்சும் மிகச்சிறிய குமுகாயம் அதுவே. தனியொருவன் பிழைப்பதற்குத் திறமை போதும். தம்பியோடு பிழைக்க வேண்டுமாயின் பொறுமையும் பங்கீடும் கற்பித்தலும் வேண்டும். எந்தச் செடி உண்ணத்தக்கது, எந்தச் செடி நஞ்சு என்று மூத்தவர் இளையவர்க்குச் சொல்லும் நொடியில் அறுபட்ட நாகரிகம் மீண்டும் தொடங்கிவிடுகிறது.

ஆதலின் இக்கதைகளை வருவதுரைக்கும் நூல்களாகக் கொள்வதைவிட, கைமாற்றிக் கொடுக்க வேண்டியவற்றின் கணக்காகக் கொள்வது பொருந்தும். தூய நீர், கெடாத மண், கைத்தொழில், மரஞ்செடி பறவைகளின் பெயர்கள் ஆகியவை அக்கணக்கில் உள்ளன. முதல் இரண்டையும் காக்கும் பொறுப்பு எல்லோர்க்கும் உரியது. பெயர்களைக் காக்கும் பொறுப்பில் பாவலர்க்குச் சிறப்பான பங்கு உண்டு.